கணக்கில் ஏறாத உழைப்பு

உலகத்திலே உழைப்பு இரு வகைப்படும். முதல் வகை உழைப்பு, செய்தவன் பெயரைத் தன் நெற்றியிலே எழுதிக்கொண்டு வருவது. பாலம் கட்டியவன் இவன், பாட்டுப் பாடியவன் இவன், பந்தை வலைக்குள் அடித்தவன் இவன் என்று ஊரார் சுட்டிக் காட்டுவர். இரண்டாம் வகை உழைப்போ, தீங்கொன்று நேராதபடி தடுப்பது. நேராத தீங்கை எவரும் கண்டதில்லை. ஆதலின், அதனைத் தடுத்தவனையும் எவரும் காண்பதில்லை. அணை உடையாத ஆண்டில் அணை காப்போனைப் பற்றிப் பேசுவார் யார்? நோய் பரவாத ஊரில் சாக்கடையைத் துப்புரவு செய்தவனுக்கு மாலை சூட்டினார் யார்?

இவ்விரண்டாம் வகை உழைப்பாளிக்கும், அவனுக்கு அவ்வுழைப்பைக் கற்பித்த ஆசிரியனுக்கும் சமுதாயம் கடமைப்பட்டிருப்பது என்ன? வெறும் நன்றியா? அல்லது நீதியா? இதுவே ஈண்டு நாம் ஆராயப் புகுந்த வினா.

இவ்வினாவுக்கு விடை தேடக் காற்பந்து மைதானத்துக்குச் செல்வோம். அறத்தைப் பற்றிப் பேச விளையாட்டுத்தானா கிடைத்தது என்று நகைப்பவர் இருக்கலாம். நமது தோட்டங்களிலும் பட்டணங்களிலும் ஞாயிற்றுக்கிழமை மாலையில் பத்துப் பேர் கூடினால் பேசுவது பந்தைப் பற்றித்தான். அன்றியும், வாழ்க்கையில் யார் வென்றார், யார் தோற்றார் என்று உடனே சொல்ல முடிவதில்லை. ஆட்டத்திலோ நிமிடத்துக்கு நிமிடம் கணக்கு எழுதப்படுகிறது. கணக்கு எவ்வளவுக்கெவ்வளவு துல்லியமோ, அவ்வளவுக்கவ்வளவு அது விட்டுவிட்டதும் தெளிவாகத் தெரியும்.

2010-ஆம் ஆண்டு டிசம்பர் மாதத்தை நம் நாட்டுக் காற்பந்து அன்பர் மறக்கமாட்டார். அந்நாளில் சுசுக்கி கிண்ணம் என்று வழங்கிய தென்கிழக்காசியக் கிண்ணத்தை மலேசியா முதன்முறையாக வென்றது அப்போதுதான். அணியின் தலைமைப் பயிற்றுநர் கே. ராஜகோபால், நம்மவர். போட்டி தொடங்கிய முதல் நாளாகிய டிசம்பர் 1-ஆம் தேதி, ஜகார்த்தாவில் இந்தோனேசியாவிடம் 1–5 என்ற கணக்கில் மலேசியா தோற்றது. இத்தோடு தீர்ந்தது என்று பலர் கைகழுவினர். அதன்பின் நடந்ததைக் கணக்காகவே பார்ப்போம். தாய்லாந்தோடு 0–0. லாவோஸோடு 5–1. அரையிறுதியில் வியட்நாமோடு முதல் ஆட்டம் 2–0. ஹனோயில் நடந்த மறு ஆட்டம் 0–0. டிசம்பர் 26-ஆம் தேதி புக்கிட் ஜாலில் அரங்கில் இறுதியின் முதல் ஆட்டம். அதே இந்தோனேசியாவை 3–0 என வென்றனர். டிசம்பர் 29-ஆம் தேதி ஜகார்த்தாவில் மறு ஆட்டம். அதில் 1–2 எனத் தோற்றும், மொத்தம் 4–2 என்ற கணக்கில் கிண்ணம் நம் கைக்கு வந்தது.

இக்கணக்கில் பொதிந்து கிடக்கும் செய்தி ஒன்றுண்டு. ஒரே ஆட்டத்தில் ஐந்து கோல் வாங்கிய அணி, பின்வந்த ஆறு ஆட்டங்களில் வாங்கியவை மூன்றே மூன்று. வெற்றியின் மூலம் எங்கே இருக்கிறது என்பதை இதற்கு மேல் எந்தப் பேச்சாளன் விளக்க முடியும்? ஆயினும் அப்போட்டியை நினைக்கும்போது நம் நாவில் முதலில் வரும் பெயர் எது? ஐந்து கோல் அடித்துப் போட்டியிலேயே முதலிடம் பெற்ற சாஃபி சாலியின் பெயர். அவர் அதற்குத் தகுதியுடையவர், ஐயமில்லை. இறுதி மறு ஆட்டத்தில் பெனால்டி உதையைத் தடுத்த கோல் காவலர் கைருல் ஃபாமியின் பெயரும் சிலர் நினைவில் இருக்கும். பாய்ந்து தடுத்ததைக் கண் கண்டதல்லவா? ஆனால் எதிரி உதைக்கவே இடமின்றி, உரிய இடத்தில் உரிய நேரத்தில் போய் நின்றார்களே தற்காப்பு வரிசையினர், அவர்கள் பெயரை மூச்சு விடாமல் சொல்லக்கூடியவர் நம்மிடையே எத்தனை பேர்?

முந்திய ஆண்டின் நிகழ்ச்சி இன்னும் வியப்புக்குரியது. 2009-ஆம் ஆண்டு டிசம்பரில் லாவோஸ் நாட்டு வியந்தியானில் நடந்த தென்கிழக்காசிய விளையாட்டுப் போட்டியில், இதே ராஜகோபாலின் கீழ் மலேசிய இளைஞர்கள் தங்கம் வென்றனர். 1989-ஆம் ஆண்டுக்குப்பின் இருபது ஆண்டுகள் கைக்கு எட்டாத தங்கம் அது. இறுதியாட்டத்தில் வியட்நாமை 1–0 என வென்றார்கள். அந்த ஒரு கோலை அடித்தவர் யார் தெரியுமா? வியட்நாம் ஆட்டக்காரரே! தம் வலைக்குள்ளேயே தவறிச் செலுத்திவிட்டார். ஆகவே, இருபது ஆண்டுத் தவத்துக்குக் கிடைத்த தங்கத்தின் இறுதிக் கணக்கில் கோல் அடித்தவர் என்ற கட்டத்தில் எழுத நம் அணியில் ஒருவரும் இல்லை. கோல் விடாமல் நின்றவர்களால் வந்த தங்கம் அது. அதை எழுதத்தான் கட்டமில்லை.

ராஜகோபால் தலைமைப் பயிற்றுநர். ஆதலின் அவர் பெயராவது ஏட்டில் நின்றது. 2012-ஆம் ஆண்டு அதே கிண்ணத்தின் அரையிறுதியில் தாய்லாந்திடம் தோற்றபோது பழியும் அவரைத் தேடி வந்தது. 2013-ஆம் ஆண்டோடு அவரது பொறுப்பும் முடிந்தது. ஏற்றமும் இறக்கமும் கூடிய இவ்வாழ்வில், புகழில் ஒரு பங்கேனும் அவருக்குக் கிட்டியது. தலைமைப் பயிற்றுநருக்கும் கீழே நின்று, காக்கும் வரிசையை மட்டும் பயிற்றுவிப்பதையே வாழ்நாள் தொழிலாகக் கொண்ட ஓர் ஆசிரியன் இருந்தால் அவன் கதி என்ன? அத்தகைய தொழிலை ஒரு தனித் துறையாகவே வளர்த்திருக்கும் நாடு அமெரிக்கா.

அமெரிக்கர் காற்பந்து என்று சொல்லும் ஆட்டம் நாம் ஆடும் ஆட்டமன்று. அங்கே பந்து முட்டை வடிவானது. கையில் ஏந்தியும் எறிந்தும் எதிரியின் எல்லைக்குக் கொண்டு செல்லவேண்டும். சர்வகலாசாலை மாணவர் ஆடும் ஆட்டத்தைப் பார்க்கவே பல்லாயிரவர் கூடுவர். அணிக்குப் பதினொருவர். அவருள் குவாட்டர்பேக் என்பவர் பந்தை வாங்கி எறிபவர். படை நடத்தும் தளபதி போன்றவர். பத்திரிகைகள் படம் போடுவதும் அவரைத்தான். அவருக்கு முன்னே ஐவர் வரிசையாகக் குனிந்து நிற்பர். நடுவில் சென்டர், அவருக்கு இருபுறமும் கார்டு இருவர், ஓரங்களில் டேக்கிள் இருவர். தாக்கும் அணியின் முன்வரிசை என்பது அவர்களுக்குப் பெயர். அவர்கள் தொழிலோ காவல். பாய்ந்து வரும் எதிரிகளைத் தம் உடம்பால் தடுத்து, பின்னே நிற்பவனுக்கு இரண்டு மூன்று வினாடி அவகாசம் வாங்கிக் கொடுப்பதே அவர்களுடைய கடமை.

இவ்வைவரும், விதிவிலக்கான சில சமயங்கள் போக, முன்னோக்கி எறியப்பட்ட பந்தைப் பிடிக்கக்கூட ஆட்டவிதி இடந்தருவதில்லை. எறிந்தவனுக்கு இத்தனை கெஜம், பிடித்தவனுக்கு இத்தனை கெஜம், ஓடியவனுக்கு இத்தனை கெஜம் என்று கணக்கர் எழுதுவர். தடுத்தவனுக்கு எழுத அளவுகோல் இல்லை. ஒரு சமயத்தில் மட்டும் இவர்கள் அரங்கமறிய அழைக்கப்படுவர். எதிரியை விதிமீறிப் பற்றி இழுத்துவிட்டால், நடுவர் இன்ன எண்ணுடைய ஆட்டக்காரன் குற்றம் செய்தான் என்று ஒலிபெருக்கியில் அறிவிப்பார். நூறு முறை சரியாகத் தடுத்ததற்கு ஓசையில்லை. ஒரு முறை பிழைத்ததற்குப் பறை சாற்றல்! தொழிற்சாலையிலும் அலுவலகத்திலும் உழைக்கும் நேயர்களுக்கு இது புதுமையாகத் தோன்றாது.

இவ்வரிசையைப் பயிற்றுவிப்பதில் பேரெடுத்தவர் ஜோ மூர் என்பவர். 1932-ஆம் ஆண்டு பிறந்தவர். பிட்ஸ்பர்க் நகருக்கு அருகில் உயர்நிலைப் பள்ளிப் பிள்ளைகளுக்குப் பயிற்சி தந்துவிட்டு, 1977-ஆம் ஆண்டு பிட்ஸ்பர்க் சர்வகலாசாலையில் முன்வரிசைப் பயிற்றுநராகச் சேர்ந்து ஒன்பது பருவங்கள் இருந்தார். டான் மரினோ என்ற புகழ்பெற்ற குவாட்டர்பேக் அங்கே வளர்ந்தது அவ்வாண்டுகளில்தான். மரினோவை அறியாத அமெரிக்கர் அரியர். அவருக்கு முன்னே குனிந்து நின்றவர்களைப் பழக்கிய கையை அறிந்தவரும் அரியர். வேறிடத்தில் ஆட வந்த இளைஞரைக் கண்டு, நீ நிற்கவேண்டிய இடம் இதுவன்று, இது, என்று மாற்றி நிறுத்துவதில் மூர் வல்லவர். அவ்வாறு அவரிடம் பயின்ற ரஸ் கிரிம், ஜிம்போ கோவர்ட் முதலியோர் பின்னாளில் தொழில்முறை ஆட்டத்தின் புகழ்மண்டபத்திலேயே இடம் பெற்றனர். 1988-ஆம் ஆண்டு நோட்ர டாம் சர்வகலாசாலைக்குச் சென்றார்; அவர் சென்ற முதற் பருவத்திலேயே அவ்வணி நாட்டின் முதன்மை அணியாயிற்று.

1996-ஆம் ஆண்டு இறுதியில், அவருக்கு அறுபத்து நான்கு வயதானபோது, புதிதாகப் பொறுப்பேற்ற தலைமைப் பயிற்றுநர் அவரைப் பணியினின்று நீக்கினார். வயதைக் காரணமாக வைத்தே தம்மை நீக்கினார்கள் என்று மூர் வழக்குத் தொடுத்தார். அவர் மாணவர்களிடம் கடுமையாக நடந்தார், வசைமொழி பேசினார், அதனால்தான் நீக்கினோம் என்று சர்வகலாசாலை எதிர்வாதம் செய்தது. 1998-ஆம் ஆண்டு ஜூரிகள் மூரின் பக்கம் தீர்ப்பளித்தனர். இழந்த சம்பளத்தைப்போல் இருமடங்காக, ஏறத்தாழ 86,000 டாலர் அவருக்கு வழங்கப்பட்டது. பழைய வேலையைத் திரும்பத் தர நீதிபதி உத்தரவிடவில்லை. 2003-ஆம் ஆண்டு அவர் காலமானார்.

அவர் இறந்து பன்னிரண்டு ஆண்டுகளுக்குப்பின், 2015-ஆம் ஆண்டு, அவர் பெயரால் ஒரு பரிசு ஏற்பட்டது. அதன் சிறப்பு யாதெனில், அது தனி ஒருவனுக்குத் தரப்படுவதன்று. நாட்டிலேயே சிறந்த முன்வரிசை எதுவோ அவ்வரிசை முழுவதற்கும் ஒன்றாகத் தரப்படுகிறது. பரிசுச் சிலையின் எடை ஏறத்தாழ 360 கிலோ. ஒருவன் தனியே தூக்க முடியாத பரிசு! தூக்க வேண்டுமானால் வரிசையாகக் கூடித்தான் தூக்கவேண்டும். பொருத்தமான பரிசு. ஆனால், உயிரோடிருந்தபோது வழக்கு மன்றத்துப் படி ஏறவேண்டியிருந்த மனிதருக்கு, இறந்தபின் வெண்கலம்.

இங்கேதான் நம் வினா கூர்மை அடைகிறது. உண்மையான தொண்டன் புகழை நாடமாட்டான், பிறர் அறியாமல் செய்வதே பெருந்தன்மை என்று போதிப்போர் நம்மிடையே நிரம்ப உண்டு. இப்போதனையில் ஒரு பாதி உண்மை. எனக்குப் புகழ் வேண்டா என்று உழைப்பவன் தானே சொன்னால் அது அவன் பெருமை. அவனுக்குப் புகழ் வேண்டா என்று அவன் உழைப்பால் வாழ்பவன் சொன்னால் அது வஞ்சனை. முன்னது துறவு, பின்னது திருட்டு. ஒரே வாக்கியம் எவர் வாயிலிருந்து வருகிறது என்பதைப் பொறுத்து அறமும் ஆகும், மறமும் ஆகும். தலைமுறை தலைமுறையாக உழைப்பாளிக்கு அடக்கத்தைப் போதித்து வந்தவர்கள், பெரும்பாலும் அவன் அடக்கத்தால் ஆதாயம் அடைந்தவர்களே என்பதைச் சிந்திக்க வேண்டுகிறேன்.

அளக்க முடியாத உழைப்புக்கு எதைக்கொண்டு மதிப்பிடுவது என்று வேறு சிலர் கேட்பர். நியாயமான கேள்வி. அளவுகோல் இல்லை என்பதனால் பொருளே இல்லை என்று ஆகிவிடாது. காற்றை முழம் போட முடியாததால் மூச்சு இல்லை என்று சொல்வோமா? அளக்க முடியாத இடத்தில் கேட்டறியலாம். யாரைக் கேட்பது? காக்கப்பட்டவனைக் கேட்பது. தன் முன்னே நின்றவன் எத்தகையவன் என்பது பின்னே நின்றவனுக்குத் தெரியும். கற்பித்தவன் எத்தகையவன் என்பது கற்றவனுக்குத் தெரியும். ஆகவே, சாட்சி சொல்லும் கடமை பயன் பெற்றவனைச் சேர்ந்தது. ஏறிய ஏணியை எட்டி உதைப்பவன் மட்டும் குற்றவாளி அல்லன். ஏணியே இல்லாமல் ஏறினேன் என்று பிறர் எண்ணும்படி வாய்மூடி இருப்பவனும் குற்றவாளியே.

கடுமை காட்டிய ஆசிரியனுக்கும் இப்படிப் பரிந்து பேசலாமா என்றால், கடுமை குற்றமாயின் அக்குற்றத்துக்கு உரிய தண்டனையை வெளிப்படையாக விசாரித்துக் கொடுக்கட்டும். இளைஞர் மனத்தைப் புண்படுத்தும் சொல்லுக்கு நாம் பரிந்து பேச வரவில்லை. வயதைக் காரணமாகக் கொண்டு நீக்கிவிட்டு நடத்தையின்மேல் பழி போடுவதே கூடாது என்கிறோம். மனிதனை எடைபோடும் தராசு ஒன்றாக இருக்கவேண்டும்; அவனை வெளியே தள்ளும்போது மட்டும் வேறொரு தராசை எடுக்கலாகாது.

இனி, நம் மலைக்கு வருவோம். கேமரன் மலையின் தேயிலைத் தோட்டமொன்றில் செக்ரோல் எழுதும் கிராணி இக்கட்டுரையாளன். செக்ரோலில் பெயருண்டு, நாளுண்டு, கொழுந்தின் எடையுண்டு. மாலையில் நிறுவையில் ஏறும் மூட்டைக்குக் கணக்குண்டு. மூன்று நான்கு ஆண்டுகளுக்கு ஒரு முறை செடியைக் கவாத்து வெட்டுகிறவனை எண்ணிப் பாருங்கள். அவன் வெட்டிய பின் செடி மொட்டையாக நிற்கும். சில மாதங்கள் கொழுந்தே இராது. அவன் கத்தி சரியாகப் பட்டதா என்பது அடுத்த துளிர் வரும்போதுதான் தெரியும். அந்தத் துளிரின் எடையோ அதனைப் பறித்தவர் பெயரில் ஏறும். கவாத்துக்காரனுக்கு அன்றைய நாட்சம்பளம் உண்டு. அவன் வெட்டின் பயனைக் காட்டும் கட்டம் எந்தப் பேரேட்டிலும் இல்லை.

கற்பித்தவர் நிலை இன்னும் மெலிந்தது. இக்காலத்தில் இம்மலைகளில் கொழுந்து எடுப்போருள் பெரும்பாலோர் வங்காளதேசம், நேப்பாளம், இந்தோனேசியா முதலிய நாடுகளிலிருந்து வந்தோர். விரல்கள் செய்த வேலையைக் கத்தரியும் இயந்திரமும் செய்கின்றன. ஆயினும் எந்தச் சரிவில் மழைக்குப்பின் கால் வழுக்கும், எந்த மட்டத்துக்குக் கீழே கத்தரியை இறக்கக்கூடாது, முற்றின இலை கலந்தால் தொழிற்சாலையில் என்ன ஆகும் என்பவற்றைப் புதியவருக்கு வாயாலும் கையாலும் சொல்லித் தருவோர் பழந்தோட்டத்து மக்களே. மொழி தெரியாதவனுக்கு மொழியில்லாமல் கற்பிக்கும் அந்த வித்தைக்குச் சம்பளப் பட்டியலில் பெயரில்லை.

அவர்கள் வேலையினின்று ஓய்வு பெறும்போது நடப்பது என்ன? ஒரு மாலை, ஒரு தேநீர் விருந்து, ஒரு புகைப்படம். தனியார் துறையில் ஓய்வு வயது அறுபதுக்குக் குறையலாகாது என்ற சட்டம் 2013-ஆம் ஆண்டு ஜூலை முதல் நாள் நடப்புக்கு வந்தது, நல்ல சட்டம். ஆனால் வேலை உள்ளவரையில்தான் வீடு என்ற ஏற்பாட்டில் வாழ்ந்த தோட்டக் குடும்பத்துக்கு, ஓய்வு என்பது கூரையையும் சேர்த்துக் கழற்றும் சொல்லாக நெடுங்காலம் இருந்து வந்திருக்கிறது. நாற்பது ஆண்டு மலையைக் காத்தவனுக்கு அம்மலையில் ஓர் அறை இல்லை என்றால், மேடையில் வாசித்த பாராட்டுரை யாருக்காக வாசிக்கப்பட்டது? நன்றி என்பது சொல்லாக இருக்கும்வரை அதற்குச் செலவில்லை. ஆதலால்தான் அது தாராளமாகக் கிடைக்கிறது. நன்றி செயலானால் அதற்குப் பெயர் நீதி. அதற்குச் செலவு உண்டு; ஆதலால்தான் அது அருகிக் கிடக்கிறது.

ஆகவே, நம் வினாவுக்கு விடை இது. காக்கும் உழைப்பாளி தன்னளவில் புகழை வேண்டாமலே இருக்கட்டும். பலர் அப்படித்தான் இருக்கின்றனர். தம் கைத்திறத்திலேயே அவர்களுக்கு ஒரு மகிழ்ச்சி உண்டு. அவன் வேண்டாமை நம் கடனைத் தீர்க்காது. கடன் கொடுத்தவன் கேட்கவில்லை என்பதனால் கடன் இல்லையென்று ஆகுமா?

தோட்டத்திலும் பட்டணத்திலும் உள்ள இளைஞர் சங்கத்தார்க்கு ஒரு வேண்டுகோள். அடுத்த முறை கோல் அடித்தவனைத் தோளில் தூக்கும்போது, பின்வரிசையில் நின்ற நால்வர் பெயரையும் அதே மேடையில் படியுங்கள். பரிசு வாங்கிய பிள்ளையிடம், உனக்குக் கற்பித்தவர் யார் என்று எல்லார் முன்னிலையிலும் கேளுங்கள். ஓய்வு பெறுவோருக்கு மாலை வாங்கச் சேர்க்கும் பணத்தோடு, அவருக்கு வர வேண்டிய சேமநிதியும் இருக்க வேண்டிய இடமும் சரியாகக் கிடைத்தனவா என்று விசாரிக்க இரண்டு பேரை அனுப்புங்கள். மாலை மறுநாள் வாடிவிடும், விசாரித்தது நிற்கும்.

கணக்கு எழுதுவது மனிதன் செய்த ஏற்பாடு. கட்டங்களைக் கோடிட்டவனும் மனிதனே. ஒருவன் உழைப்பு எந்தக் கட்டத்திலும் அடங்கவில்லையென்றால், உழைப்பில் குறை தேடுவதை விடுத்து இன்னொரு கோடு போடுவதே அறிவுடையார் செயல்.